சுழல் தசமத்தைப் பின்னமாக மாற்றுவது எப்படி?

புள்ளிக்குப் பின் சில இலக்கங்கள் முடிவின்றித் திரும்பத் திரும்ப வரும் எண்ணே சுழல் தசமம். 0.272727… என்ற எண்ணை 0.27 என்று வெட்டிவிட்டால் கிடைப்பது 27/100. அது வேறு எண். சரியான விடை 3/11. அதைக் கண்டுபிடிக்க ஒரு யோசனை போதும்: புள்ளிக்குப் பின்னால் ஒரே இலக்கங்கள் ஓடும் இரண்டு எண்களை உண்டாக்கி, ஒன்றிலிருந்து மற்றொன்றைக் கழித்துவிடுவது. முடிவில்லாத பகுதி அப்படியே நீங்கிவிடும்.

படி 1: x = 0.272727… என்று எழுதுங்கள்.

படி 2: சுழலும் இலக்கங்களை எண்ணுங்கள். இங்கே 2, 7 என இரண்டு. ஆகவே 100 ஆல் பெருக்க வேண்டும்: 100x = 27.272727… (ஓர் இலக்கம் என்றால் 10, மூன்று என்றால் 1000.)

படி 3: கழியுங்கள். 100x − x = 27, அதாவது 99x = 27.

படி 4: x = 27/99. 9 ஆல் சுருக்கினால் 3/11.

பெரும்பாலான தவறுகள் படி 2இல்தான் நடக்கின்றன. பழக்கத்தில் 10 ஆல் பெருக்கினால் 10x = 2.727272… ஆகும். புள்ளிக்குப் பின் ஒன்றில் 7272…, மற்றொன்றில் 2727…. கழித்தாலும் 2.454545… என்று மறுபடியும் சுழல் தசமமே வரும். 0.090909… என்பதிலும் கவனம் தேவை. சுழல்வது 9 மட்டுமல்ல, 09. எனவே 9/99 = 1/11.

சுழலாத இலக்கம் முன்னால் நிற்கும் கணக்குகளே தேர்வில் தடுமாற வைப்பவை. 1.2363636… என்பதை எடுத்துக்கொள்வோம். 2 சுழலாது, 36 சுழலும். இங்கே x ஐ நேரடியாகக் கழிக்காமல், முதலில் புள்ளியைச் சுழலும் பகுதியின் வாசலுக்குக் கொண்டுவாருங்கள்:

10x = 12.363636…

பிறகு ஒரு முழுச் சுழற்சியைத் தாண்டுங்கள்:

1000x = 1236.363636…

கழித்தால் 990x = 1224. x = 1224/990; 18 ஆல் சுருக்கினால் 68/55.

இதையே குறுக்குவழியாகவும் எழுதலாம். ஒரு சுழற்சி வரையுள்ள இலக்கங்களைப் புள்ளியின்றி எழுதி (1236), சுழலாத பகுதியைக் கழியுங்கள் (12). அது பின்னத்தின் தொகுதி (மேல் எண்). பின்னத்தின் பகுதியில் (கீழ் எண்ணில்), சுழலும் இலக்கம் ஒவ்வொன்றுக்கும் ஒரு 9, புள்ளிக்குப் பின்னுள்ள சுழலாத இலக்கம் ஒவ்வொன்றுக்கும் ஒரு 0. அதனால் 0.41666… என்பது (416 − 41)/900 = 375/900 = 5/12. கழித்தல் முறை புரிந்த பிறகே இதற்கு வாருங்கள். இல்லையென்றால் 9 எத்தனை, 0 எத்தனை என்று மாறிப்போகும்.

சுருக்கும்போது 3, 9, 11 ஆகியவற்றை முதலில் முயலுங்கள். பகுதி 999 என்றால் 37 ஐ மறக்க வேண்டாம், 999 = 27 × 37. எனவே 0.135135… = 135/999 = 5/37.

கால்குலேட்டர் திரையைப் பார்த்துச் சுழற்சியை ஊகிப்பது ஆபத்து. 1/17 இன் சுழற்சிக்கு 16 இலக்கங்கள். பத்து இலக்கத் திரையில் அது தெரியவே தெரியாது. 2/3 ஐப் பல கால்குலேட்டர்கள் 0.6666666667 என்று காட்டும். கடைசி 7 முழுதாக்கியதால் வந்தது.

விடையைச் சரிபார்க்க நீள்வகுத்தலே நல்லது. 68 ஐ 55 ஆல் வகுத்தால் ஈவு 1, மீதி 13. அடுத்து 130இல் ஈவு 2, மீதி 20. 200இல் ஈவு 3, மீதி 35. 350இல் ஈவு 6, மீதி மறுபடியும் 20. அதே மீதி திரும்பியதால் 36 மட்டுமே இனிச் சுழலும்: 1.2363636…