பத்து நிமிட மியூசிக்கல் எழுதுவது எப்படி: பிராட்வே பெண்களின் பட்டறைப் பாடங்கள்

முழுநீள மியூசிக்கலில் (வசனமும் பாட்டும் கலந்து கதை சொல்லும் மேடை நாடகம்) கை வைப்பதற்கு முன், பத்து நிமிடத்தில் முடிகிற ஒன்றை எழுதிப் பாருங்கள். இரண்டு அல்லது மூன்று பாத்திரங்கள், ஒரே இடம், மூன்று பாட்டு, ஒரு பியானோ. பெரிய நாடகத்தில் வரும் சிக்கல் எல்லாம் இதிலும் வரும். ஆனால் இதைக் கிழித்துப் போட்டுவிட்டுத் திரும்ப எழுத ஒரு வாரம் போதும்.

உதாரணங்களை எல்லாம் பெண்கள் எழுதிய மேடைப் படைப்புகளிலிருந்தே எடுத்திருக்கிறோம். கே ஸ்விஃப்ட் 1930-லேயே 'ஃபைன் அண்ட் டாண்டி' என்ற பிராட்வே (நியூயார்க்கின் பெரிய நாடக அரங்குகள்) மியூசிக்கலுக்கு முழுக்க இசையமைத்தார். ஆனால் பிராட்வேயின் உயரிய விருதான டோனியைச் சிறந்த பாடல் இசைக்காக ஒரு பெண் தனியாக வாங்கியது 2013-ல்தான், 'கிங்கி பூட்ஸ்' மூலம் சிண்டி லாப்பர். இடைப்பட்ட காலத்தில் வந்த நல்ல வேலைகள் பாட உதாரணமாகக் கண்ணில் படுவது குறைவு. தொழில்நுட்பம் கற்க அவை அருமையானவை.

உட்காருவதற்கு முன்

மியூசிக்கலில் எழுத்து வேலை மூன்று. கதையும் வசனமும் சேர்ந்தது 'புக்', பாட்டு வரிகள் 'லிரிக்ஸ்', மூன்றாவது இசை. மூன்றையும் ஒருவரே செய்யலாம். ஷேனா டாப் 'சஃப்ஸ்' நாடகத்துக்கு அப்படித்தான் செய்தார், 2024-ல் புக்குக்கும் பாடல் இசைக்கும் இரண்டு டோனி வாங்கினார். ஆனால் முதல் முயற்சிக்கு இரண்டு பேர் நல்லது. "இந்த இடத்தில் எனக்குப் புரியவில்லை" என்று சொல்ல ஒரு ஆள் பக்கத்திலேயே இருப்பார்.

இரண்டு பேர் என்றால், முதல் வரி எழுதுவதற்கு முன் ஒரு பக்க ஒப்பந்தம் எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். புக், லிரிக்ஸ், இசை ஒவ்வொன்றுக்கும் மூன்றில் ஒரு பங்கு என்பதுதான் வழக்கமான கணக்கு. பெயர்கள் எந்த வரிசையில் வரும், பாதியில் பிரிந்தால் யாருடைய பாட்டு யாரோடு போகும், ஒருவர் ஒப்புக்கொள்ளாமல் இன்னொருவர் எதையாவது மாற்றலாமா என்ற மூன்றும் அதில் இருக்க வேண்டும். சிநேகிதிக்குள் இதெல்லாம் எதற்கு என்று விட்டவர்கள்தான் பின்னால் மனக்கசப்பில் போய் நிற்கிறார்கள்.

கதை இன்னொருவருடையது என்றால் உரிமை வாங்காமல் தொடாதீர்கள். பத்து நிமிடத்துக்குச் சொந்தக் கதையே உத்தமம்.

பாட்டு எங்கே வர வேண்டும்

அதிகம் தவறுவது இங்கேதான். வசனத்தில் ஏற்கெனவே சொன்னதைப் பாட்டு இன்னொரு முறை சொல்லும், மெட்டு நன்றாக இருக்கும், கதை மூன்று நிமிடம் நகராமல் நிற்கும். இதைத் தவிர்க்க ஒவ்வொரு பாட்டுக்கும் தனித் தாளில் நான்கு வரி எழுதுங்கள்: யார் பாடுகிறாள், யாரிடம், அவளுக்கு இப்போது என்ன வேண்டும், பாட்டு முடியும்போது என்ன மாறியிருக்கும். நான்காவது வரிக்குப் பதில் இல்லை என்றால் அங்கே பாட்டு வேண்டாம், வசனம் போதும்.

'ஃபன் ஹோம்' நாடகத்தின் 'ரிங் ஆஃப் கீஸ்' பாட்டை இந்த நான்கு வரியில் வைத்துப் பாருங்கள். இசை ஜனீன் டெசோரி, வரிகள் லீசா க்ரோன். இருவரும் 2015-ல் இதற்காக டோனி வாங்கினார்கள். அந்தப் பிரிவில் பெண்கள் மட்டுமே கொண்ட குழு வென்றது அதுவே முதல்முறை. ஒரு சிறுமி அப்பாவோடு சிற்றுண்டிக் கடையில் இருக்கிறாள். சாமான் கொண்டுவந்து போடும் ஒரு பெண் உள்ளே வருகிறாள்: ஆண்கள் பாணியில் முடி, பூட்ஸ், இடுப்பில் சாவிக்கொத்து. அவ்வளவுதான் நிகழ்ச்சி. பாட்டுக்கு முன் இந்த மாதிரி ஆள் உலகத்தில் இருப்பதே சிறுமிக்குத் தெரியாது. பாட்டு முடியும்போது, தன்னைப் போல் ஒருத்தி இருக்கிறாள் என்று தெரியும்.

க்ரோன் வரிகளை எப்படி அமைத்திருக்கிறார் என்று கவனியுங்கள். அந்த வயதுப் பிள்ளைக்குத் தன் உணர்வுக்குப் பெயர் தெரியாது. அதனால் தொடக்க வாக்கியங்கள் முடியாமல் பாதியில் நிற்கின்றன. பெயர் சொல்ல முடியாதவள், கண்ணில் பட்ட பொருளைச் சொல்கிறாள்: நடை, உடை, பூட்ஸ், சாவி. உணர்ச்சியைப் பற்றி ஒரு விளக்கமும் இல்லை. உங்கள் பாத்திரம் "நான் மிகவும் தனிமையாக உணர்கிறேன்" என்று பாடினால் அந்த வரியை அடித்துவிட்டு, அந்த நேரத்தில் அவள் கண் எதன்மேல் இருக்கிறது என்று எழுதுங்கள்.

சொல் ஒன்றும் இசை வேறொன்றுமாகச் சொல்ல வைப்பது இன்னொரு வழி. மேரி ராட்ஜர்ஸ் இசையமைத்த 'ஒன்ஸ் அப்பான் எ மாட்ரஸ்' நாடகத்தில் (1959) இளவரசி, தான் ரொம்பக் கூச்ச சுபாவம் என்று பாடுவாள். ஆனால் கூரையைப் பிய்க்கிற குரலில் பாடுவாள். வரி மார்ஷல் பேரருடையது. அதைச் சிரிப்பாக மாற்றுவது உரத்து நிற்கும் அந்தச் சுரம். நகைச்சுவைப் பாட்டு எழுதும்போது, வரியில் ஜோக் வைத்துவிட்டு இசையிலும் கோமாளித்தனம் செய்யாதீர்கள். இரண்டில் ஒன்று முகத்தை இறுக்கமாக வைத்துக்கொள்ள வேண்டும்.

நேரக் கணக்கு

பத்து நிமிடத்தில் வசனத்துக்கு மூன்று நிமிடம். மிச்சம் ஏழும் பாட்டுக்கு. தொடக்கப் பாட்டு இரண்டரை நிமிடம், மோதல் பாட்டு இரண்டரை, கடைசிப் பாட்டு இரண்டு. அச்சில் ஒரு பக்க வசனம் ஏறக்குறைய ஒரு நிமிடம் என்று கொள்ளலாம். ஆகவே வசனம் மூன்று பக்கத்தைத் தாண்டினால் வெட்டுங்கள்.

இரண்டரை நிமிடம் என்பது எத்தனை பார் (தாளத்தின் ஒரு சுற்று)? நான்கு துடிப்புத் தாளத்தில், நிமிடத்துக்கு 96 துடிப்பு வேகத்தில், 240 துடிப்பு, அதாவது 60 பார். பழைய பிராட்வே வடிவமான ஏ-ஏ-பி-ஏ (ஏ ஒரு மெட்டு, பி வேறு மெட்டு) என்பது எட்டெட்டாக 32 பார். அதன்பின் பி-ஏ மட்டும் திரும்பினால் இன்னும் 16. முன்னிசை 4, முடிப்பு 8. கூட்டினால் சரியாக 60. இந்தச் சட்டத்தை முதல் பாட்டுக்கு அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள்.

பல்லவி திரும்பத் திரும்ப வரும் சினிமாப் பாட்டு வடிவம் நம் காதுக்கு இயல்பு. மேடையில் அதற்கு ஒரு தொல்லை உண்டு: பல்லவி மூன்றாம் முறை வரும்போதும் பாத்திரம் முதல் முறை நின்ற இடத்திலேயே நின்றால், சபை இருக்கையில் நெளிய ஆரம்பிக்கும். பல்லவிச் சொல் மாறாமல் இருக்கலாம், ஆனால் இடையில் வரும் சரணம் அதன் பொருளை மாற்றியிருக்க வேண்டும். முதல் முறை கெஞ்சலாக வந்த வரி கடைசி முறை மிரட்டலாக வரட்டும்.

தொடக்கப் பாட்டைக் கடைசியில் எழுதுங்கள், அல்லது கடைசியில் மாற்றி எழுத மனதைத் தயார் செய்துகொள்ளுங்கள். நாடகம் எதைப் பற்றியது என்று எழுதி முடித்த பிறகுதான் எழுதியவருக்கே தெரியும். 'சஃப்ஸ்' 2022-ல் நியூயார்க்கின் பப்ளிக் தியேட்டரில் ஓடியபோது இருந்த தொடக்கப் பாட்டு, 2024-ல் பிராட்வேக்குப் போனபோது இல்லை. அந்த இடத்தில் வேறு பாட்டு.

சொல்லும் மெட்டும்

வரிகளைத் தாளத்தோடு சத்தமாகப் பேசிப் பாருங்கள், பாடாமல். ஆங்கிலத்தில் எழுதினால் பேச்சில் அழுத்தம் விழும் அசை, தாளத்தின் அழுத்தமான துடிப்பில் விழ வேண்டும். 'ரிமெம்பர்' என்ற சொல்லில் அழுத்தம் நடு அசையில். அதன் 'ரி'யை முதல் துடிப்பில் போட்டால் கேட்பவருக்கு அரை விநாடி சொல்லே புரியாது, அதற்குள் அடுத்த வரி போய்விடும். 'ரி'யை முந்தைய பாரின் கடைசித் துடிப்புக்குத் தள்ளிவிட்டால் சரியாகிவிடும். தமிழில் எழுதுகிறவர்களுக்குச் சிக்கல் வேறு: குறிலை நீட்டினால் 'படம்' 'பாடம்' ஆகிவிடும். நீண்ட சுரத்துக்கு நெடில் தேடுங்கள்.

பாப் பாட்டில் ஓரளவு ஒத்துப்போகும் இயைபு (வரி முடிவுகள் ஒலியில் ஒன்றுவது) செல்லும். மேடையில் துல்லியமான இயைபுதான் வசதி, ஏனென்றால் சபை ஒரே ஒரு முறைதான் கேட்கிறது. இயைபு, காது பிடித்த சொல் சரிதான் என்று உறுதி செய்கிறது. ஆனால் அடுக்கடுக்காக இயைபு போட்டால் பாத்திரம் கெட்டிக்காரியாகத் தெரிவாள். அழுதுகொண்டிருப்பவள் வாயில் உள்ளியைபு (வரிக்கு உள்ளேயே வரும் இயைபு) வைத்தால் அழுகை பொய்யாகிவிடும்.

பாத்திரம் பேசும் தெருப் பேச்சிலேயே பாட்டும் இருக்கட்டும். டாரதி ஃபீல்ட்ஸ் அறுபது வயதை ஒட்டி, 1966-ல் மேடையேறிய 'ஸ்வீட் சாரிட்டி'க்கு எழுதிய வரிகளில், கூலிக்கு நடனமாடும் ஒரு பெண்ணின் கொச்சையும் பீற்றலும் அச்சு அசலாக இருக்கும்.

சோதனைக்கு ஒரு வழி: பிரதியைக் காட்டாமல் ஒருவரிடம் பாட்டை ஒரே முறை பாடிக் காட்டுங்கள். என்ன நடந்தது என்று அவர் சொல்லட்டும். எந்த வரியை விட்டுவிட்டாரோ அது திருத்த வேண்டிய வரி.

குரலுக்கு எழுதுவது

பியானோவின் நடு சி சுரத்தை சி4 என்று கொள்வோம்; எண் கூடினால் சுரம் மேல் ஸ்தாயியில் இருக்கிறது என்று பொருள். நெஞ்சுக்குரலில் உரத்துப் பாடும், பிராட்வேயில் 'பெல்ட்' எனப்படும் பெண்குரலுக்கு ஏ3 முதல் சி5 வரை பத்திரமான எல்லை. டி5, இ5 வரை போகிறவர்கள் நிறையப் பேர், ஆனால் அதை ஒரு பாட்டில் ஓரிரு முறைக்கு மேல் கேட்காதீர்கள். தொழில்முறை மேடையில் வாரத்துக்கு எட்டுக் காட்சி. உச்ச சுரத்தைத் தாண்டி எழுதியது வெள்ளிக்கிழமை வருவதற்குள் தொண்டையில் தெரியும். பாட்டு முழுக்க ஏ4, பி4 பக்கமே சுற்றுவதும் கூடாது. ஒரு தடவை உயரத்தைத் தொடுவதைவிட அங்கேயே குடியிருப்பதுதான் தொண்டையை அறுக்கும்.

உச்ச சுரத்தைப் பாட்டின் கடைசி மூன்றில் ஒரு பங்கு வரும்வரை கையிருப்பில் வையுங்கள். சாரா பரேலிஸ் 'வெயிட்ரஸ்' நாடகத்துக்கு எழுதிய 'ஷி யூஸ்ட் டு பி மைன்' கீழே, ஏறக்குறையப் பேச்சுக் குரலில் தொடங்கும். பின்னால் குரல் எழும்போது அது செலவழிக்காமல் வைத்திருந்த பணம். உச்சத்தில் ஆ, ஏ, ஓ போன்ற திறந்த உயிர் வரும் சொல்லை வையுங்கள். ஈ, ஊ தொண்டையை இறுக்கும். நீளும் சுரத்தை க், ட், ப் ஒலியில் முடிக்கும் சொல்லும் வேண்டாம். இரண்டு முதல் நான்கு பாருக்கு ஒரு மூச்சு, அதை எழுத்திலேயே குறித்துவிடுங்கள்.

பிரதி

பியானோவும் குரலும் மட்டும் போதும். 'சிக்ஸ்' நாடகமே மேடையில் நான்கு பெண் வாத்தியக்காரர்களோடு பிராட்வே வரை போனது. இசை எழுதும் மென்பொருள்களில் மியூஸ்ஸ்கோர் இலவசம், ஃபினாலேயில் பழகியவர்கள் வேறு மென்பொருளுக்கு மாறிவிடுங்கள், அதன் விற்பனை 2024-ல் நின்றுவிட்டது. ஒவ்வொரு பாருக்கும் எண் போடுங்கள். "அந்த சோகமான இடத்திலிருந்து" என்று ஒத்திகையில் சொன்னால் ஐந்து நிமிடம் போகும், "41-லிருந்து" என்றால் ஐந்து விநாடி. வேகத்தை எண்ணால் எழுதுங்கள். வசனத்தின் மேல் ஓடும் இசைக்கு, நடிகர் முடிக்கும்வரை சுற்றிச்சுற்றி வரும் இரண்டு பார் 'வேம்ப்' வையுங்கள். எந்த வசனத்தில் வெளியேறுவது என்றும் அதன் மேலேயே எழுதுங்கள். இதை மறந்தால், நடிகர் ஒரு பெருமூச்சு கூடுதலாக விட்டாலும் பாட்டு முந்திக்கொள்ளும்.

பாட்டின் கடைசியில் கைதட்டலை அழைக்கும் அந்த ஒற்றை அடி, 'பட்டன்', மூன்று பாட்டிலும் வேண்டாம். பத்து நிமிடத்தில் ஒன்று போதும். மோதல் நடுவில் சபை கைதட்டினால் சூடு ஆறிப்போகும்.

பிரதியை ஒரு பக்கம் மட்டும் அச்சிட்டு ரிங் ஃபைலில் போடுங்கள். ஸ்டேப்ளர் அடித்த தாள் பியானோ ஸ்டாண்டில் நிற்காது.

வாசிப்பு

வாசிப்பு என்பது மேடை அலங்காரம் இல்லாமல், பிரதியைப் பார்த்தே பாடிக் காட்டுவது. இசை ஸ்டாண்ட் முன் நின்று பாடும் மூன்று பேர், பியானோ வாசித்து இயக்குபவர் ஒருவர், பத்துப் பதினைந்து பேர் சபை. ஒத்திகைக்கு எட்டு மணி நேரம் ஒதுக்குங்கள்: ஐந்து மணி பாட்டுக் கற்க, இரண்டு மணி வசனத்தோடு கோர்க்க, கடைசி ஒரு மணி முழுதாக ஓட்ட. அமெரிக்க நடிகர் சங்க விதியின்படி முழுநீள நாடகத்தின் இந்தக் கட்டத்துக்கே ஒத்திகையும் காட்சியும் சேர்த்து 29 மணி நேரந்தான், ஆக எட்டு தாராளம்.

அன்று மேடையைப் பார்க்காதீர்கள். பக்கவாட்டில் உட்கார்ந்து சபையைப் பாருங்கள். இருமல், கைபேசி, நாற்காலி மாற்றி உட்காருதல் எல்லாவற்றையும் பார் எண்ணோடு குறியுங்கள். முடிந்ததும் "பிடித்ததா?" என்று கேட்காதீர்கள், பிடித்தது என்பார்கள். எங்கே கவனம் போனது, அவளுக்கு என்ன வேண்டும், எந்தச் சொல் காதில் விழவில்லை என்று கேளுங்கள். யாராவது உங்கள் நாடகத்தைத் தானே திருத்தி எழுதிக் கொடுத்தால் நன்றி சொல்லி வாங்கிக்கொள்ளுங்கள். அவர் சொன்ன மாற்றத்தைவிட, எந்த இடத்தில் அவருக்குக் கை அரித்தது என்பதே பயன்படும் தகவல்.

திருத்தத்துக்கு எல்லை கிடையாது. அனேயிஸ் மிட்செல் 'ஹேடிஸ்டவுன்' நாடகத்தை வெர்மான்டில் முதலில் அரங்கேற்றியது 2006-ல், பிராட்வேக்கு வந்தது 2019-ல். வரிகள் எப்படி எப்படி மாறின என்று பழைய வடிவங்களோடு ஒரு புத்தகமே எழுதியிருக்கிறார், தேடிப் படியுங்கள்.

அனுப்புவது

நியூயார்க்கில் 1961-ல் லேமன் எங்கல் தொடங்கிய பிஎம்ஐ (பாடல் உரிமைத் தொகை வசூலிக்கும் அமைப்பு) மியூசிக்கல் பட்டறைக்குக் கட்டணம் கிடையாது. 'ராக்டைம்' மியூசிக்கலின் பாட்டு வரிகளை எழுதிய லின் ஆரன்ஸ், இசைக் கூட்டாளி ஸ்டீஃபன் ஃப்ளாஹர்ட்டியைச் சந்தித்ததே அங்கேதான். இசைத் துறைப் பெண்களுக்காக ஜார்ஜியா ஸ்டிட் தொடங்கிய 'மேஸ்ட்ரா' அமைப்பின் பெயர்ப் பட்டியலில் இசை இயக்குநர்களையும் வாத்தியக்காரர்களையும் தேடலாம். எங்கே அனுப்பினாலும் மூன்று பாட்டும் மூன்று குணத்தில் இருக்கட்டும்: சிரிப்பு ஒன்று, மெதுவானது ஒன்று, வேகம் ஒன்று. ஒலிப்பதிவில் எதிரொலி கலக்காதீர்கள், சொல் மங்கும். முழுக்கதைச் சுருக்கமும் வேண்டாம். ஒவ்வொரு பாட்டுக்கும் மேலே யார், எங்கே, யாரிடம், சற்று முன் என்ன நடந்தது என்று இரண்டு வரி எழுதி அனுப்புங்கள்.