குமமோட்டோ கோட்டையும் அசோ எரிமலையும்: ஒரு நாள் பயணத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

வேலையின் பொருட்டு ஜப்பானின் கியூஷு தீவிலுள்ள ஃபுகுவோகாவில் குடியேறிய பிறகு, பார்க்க வரும் உறவினர்களையும் நண்பர்களையும் குமமோட்டோ கோட்டைக்கும் அசோ எரிமலைக்கும் ஒரே நாளில் அழைத்துச் செல்வது எனக்கு வழக்கமாகிவிட்டது. காலையில் ஹகட்டா ரயில் நிலையத்தின் அருகிலிருந்து புறப்பட்டு, இருட்டிய பின் அங்கேயே கொண்டுவந்து விடும், வழிகாட்டியுடன் கூடிய பேருந்துப் பயணங்களில்தான் பெரும்பாலும் செல்கிறோம். இவ்வளவு முறை சென்ற பிறகும், முதன்முறை வருபவர்கள் நான் தொடக்கத்தில் செய்த அதே தவறுகளை அப்படியே செய்வதைப் பார்க்கும்போது மனம் பொறுப்பதில்லை. கடவுச்சீட்டை மறப்பது, செல்பேசிக்குச் சார்ஜ் போடாமல் வருவது போன்றவற்றை இங்கே எழுதப் போவதில்லை. அவை யாருக்கும் தெரிந்தவைதாம். வெளியிலிருந்து பார்ப்பவருக்குத் தவறாகவே தோன்றாத, ஆனால் பயணத்தின் பலனையே பறித்துவிடக்கூடிய சிலவற்றை மட்டும் சொல்கிறேன்.

எரிமலை வாயைக் கடைசி நாளில் வைப்பது

இந்த ஒரு தவற்றைத்தான் என்னால் இன்னமும் மறக்க முடியவில்லை. என் பெற்றோர் வந்திருந்தபோது, நல்லதைக் கடைசியில் வைத்துக்கொள்ளலாம் என்று எண்ணி, அசோ பயணத்தை அவர்கள் ஊர் திரும்புவதற்கு முந்தைய நாளில் வைத்தேன். பயண நிறுவனத்தின் விளம்பரத்தில், அசோ எரிமலையின் நகதாகே சிகரத்தின் வாய்க்குள் பச்சை நிறத்தில் கொதிக்கும் ஏரியின் படம் பெரிதாக இருந்தது. அப்பா அந்தப் படத்தை ஒரு வாரமாகப் பார்த்துக்கொண்டே இருந்தார். அன்று வானில் ஒரு மேகம்கூட இல்லை. பேருந்து மலை மேலுள்ள முனையத்தை அடைந்தபோது, காற்று திரும்பிவிட்டது, வாயு அளவு கூடிவிட்டது, வாயைச் சுற்றிய பகுதி முழுவதும் மூடப்பட்டிருக்கிறது என்று வழிகாட்டி அறிவித்தார். நாற்பது நிமிடம் காத்திருந்தோம். தடுப்பு விலகவில்லை. குன்றுக்கு அப்பால் வெண்புகை எழுவதை மட்டும் பார்த்துவிட்டு அப்பா பேருந்தில் ஏறி அமர்ந்தார்; ஒன்றும் சொல்லவில்லை. மறுநாள் காலை நாங்கள் விமான நிலையத்தில் இருந்தபோது தடை நீக்கப்பட்டிருந்தது.

நகதாகே 1506 மீட்டர் உயரமுள்ள, இன்றும் உயிரோடிருக்கும் எரிமலை. அதன் வாயை நெருங்கிப் பார்க்க முடியுமா என்பதை இரண்டு வெவ்வேறு விஷயங்கள் தீர்மானிக்கின்றன. தொடக்கநிலையினர் இவை இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்கிறார்கள். முதலாவது, ஜப்பான் வானிலை ஆய்வு முகமை அறிவிக்கும் எரிமலை எச்சரிக்கை நிலை. ஒன்று முதல் ஐந்து வரை உள்ள இந்த நிலைகளில், இரண்டாம் நிலை அறிவிக்கப்பட்டாலே வாயிலிருந்து ஏறத்தாழ 1 கிலோமீட்டருக்குள் யாரும் நுழைய முடியாது. இந்தத் தடை நாள் கணக்கில் அல்ல, ஆண்டுக்கணக்கிலும் நீடிக்கலாம். 2014 ஆகஸ்டில் நிலை உயர்த்தப்பட்ட பிறகு, பார்வையாளர்கள் மீண்டும் வாயின் விளிம்புக்குச் செல்ல 2018 பிப்ரவரி வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 2021 அக்டோபரில் மலை மீண்டும் வெடித்துச் சாம்பலைக் கக்கியது.

இரண்டாவது, வாயிலிருந்து வெளிவரும் சல்பர் டை ஆக்சைடு வாயு. எச்சரிக்கை நிலை ஒன்றாகவே இருந்தாலும் இந்த வாயுவின் அளவு மணிக்கு மணி மாறும். வாயின் சுற்றுப்புறத்தைப் பல மண்டலங்களாகப் பிரித்திருக்கிறார்கள்; காற்று அடிக்கும் திசையைப் பொறுத்து ஒரு மண்டலம் மூடப்பட, மற்றொன்று திறந்திருக்கும்; சில நாட்களில் அனைத்துமே மூடப்படும். பத்து மணிக்குச் சென்ற குழு ஏரியைப் பார்த்துவிட்டு இறங்கும், பதினொரு மணிக்கு வந்த குழு தடுப்பின் முன் நிற்கும். இதற்காக வழிகாட்டியிடம் சண்டையிடுவதில் பயனில்லை. சென்ற வசந்தத்தில் ஓர் இளம் தம்பதி, தாங்கள் கொடுத்த பணத்துக்கு எரிமலையைக் காட்டியே ஆக வேண்டும் என்று வழிகாட்டியிடம் நெடுநேரம் வாதாடினார்கள். வழிகாட்டி தன் செல்பேசியில் பயணப் பக்கத்தைத் திறந்து, கடைசியில் சிறிய எழுத்துகளில் இருந்த ஒரு வரியைக் காட்டினார்: வாய் மூடப்பட்டிருந்தால் குசசென்ரி புல்வெளியில் நிறுத்தப்படும், கட்டணம் திருப்பித் தரப்பட மாட்டாது. அவர்கள் அந்த வரிவரை படித்திருக்கவில்லை. நானும் ஒரு காலத்தில் படித்ததில்லை.

ஆகவே முன்பதிவு செய்வதற்கு முன், “அசோ எரிமலை” என்று எழுதியிருப்பதற்கு உண்மையில் என்ன பொருள் என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். பல பயணத் திட்டங்கள் வாய்க்குச் செல்வதே இல்லை. குசசென்ரியில் நிறுத்தி, தொலைவிலிருந்து புகையைக் காட்டிவிட்டுத் திரும்பிவிடுகின்றன. வாய்க்குச் செல்லும் திட்டம் என்றால், அது மூடப்பட்டிருக்கும் நாளில் எங்கே அழைத்துச் செல்வார்கள், முதல்நாள் மாலை வரை தேதியை மாற்ற இடமுண்டா என்பவற்றையும் கேளுங்கள். அசோ எரிமலை வாயின் கட்டுப்பாட்டு நிலவரத்தை வெளியிடும் இணையப் பக்கம் ஆங்கிலத்திலும் இருக்கிறது. அதைப் பயணத்துக்கு முந்தைய சில நாட்கள் காலையிலும் மாலையிலும் பார்த்து வந்தால், எந்த நேரத்தில் அடிக்கடி மூடுகிறார்கள் என்பது ஓரளவு பிடிபடும்.

எல்லாவற்றுக்கும் மேலாக, கியூஷுவில் நீங்கள் தங்கும் நாட்களில் முதல் நாளிலோ இரண்டாம் நாளிலோ அசோவை வையுங்கள். அன்று மூடியிருந்தாலும் வேறொரு நாள் நீங்களாகவே செல்ல வழியிருக்கிறது. 2016 நிலநடுக்கத்தில் துண்டிக்கப்பட்ட ஹோஹி ரயில் பாதை 2020 ஆகஸ்டில் முழுமையாகத் திறக்கப்பட்டுவிட்டது. குமமோட்டோவிலிருந்து அசோ நிலையத்துக்கு ரயிலிலும், அங்கிருந்து மலை மேல் முனையத்துக்குப் பேருந்திலும் செல்லலாம். என் பெற்றோருக்கு அந்த ஒரு நாளை நான் மிச்சம் வைத்திருக்கவில்லை.

மூச்சுக் கோளாறைச் சொல்லாமல் விடுவது

ஆஸ்துமா, மூச்சுக்குழாய் நோய், இதய நோய் உள்ளவர்கள் வாய் திறந்திருக்கும் நாளிலும் அங்கே செல்லக் கூடாது என்று பலகையில் பல மொழிகளில் எழுதி வைத்திருக்கிறார்கள். 1997இல் சுற்றுலா வந்த இருவர் இந்த வாயுவால் உயிரிழந்தார்கள். அதை அறியாமல், “நமக்கு லேசான ஆஸ்துமாதானே, ஐந்து நிமிடத்தில் பார்த்துவிட்டு வந்துவிடலாம்” என்று சொல்பவர்கள் ஒவ்வொரு குழுவிலும் இருக்கிறார்கள். தீக்குச்சியைக் கிழித்ததும் மூக்கில் ஏறும் அந்த நெடிதான் முதலில் வரும். அடுத்த மூச்சிலேயே தொண்டை அடைத்து இருமல் தொடங்கும். நல்ல உடல்நிலையில் இருக்கும் எனக்கே அப்படி என்றால், மற்றவர்களைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. அப்படிப்பட்டவர் உங்களுடன் இருந்தால் முன்பதிவின்போதே சொல்லிவிடுங்கள். குசசென்ரியில் உள்ள எரிமலை அருங்காட்சியகத்தில், வாயின் ஓரத்தில் பொருத்திய கேமராவின் வழியாக உள்ளே நடப்பதைப் பார்க்கலாம். அவர் அங்கே காத்திருக்கட்டும், தனியாக வேண்டாம், ஒருவர் உடன் இருங்கள்.

கோபுரத்துக்கு விரைந்து மதிலைத் தவறவிடுவது

கோட்டைக்கு ஒதுக்கப்படும் நேரம் பெரும்பாலும் ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் இருக்காது. அதில் பாதியை அடிவாரக் கடைத்தெருவிலும், மீதியைத் தலைமைக் கோபுரத்தின் மாடிகளிலும் கழித்துவிட்டு, கோட்டையைப் பார்த்துவிட்டோம் என்று திரும்புகிறார்கள். அந்தக் கோபுரம் 1960இல் கான்கிரீட்டில் மீண்டும் கட்டப்பட்டது. பழையது 1877இல், அரசுக்கு எதிராகக் கிளர்ந்த சாமுராய்த் தலைவர் சைகோ தகமோரியின் படை முற்றுகையிடுவதற்குச் சில நாட்கள் முன்பு எரிந்துபோனது. கோபுரமும் பார்க்கத் தகுந்ததுதான். ஆனால் 1607இல் குமமோட்டோவை ஆண்ட பிரபு கட்டோ கியோமசா கட்டி முடித்த கோட்டையின் உயிர் அதன் கல்மதில்களில் இருக்கிறது. அடியில் சாய்வாகத் தொடங்கி மேலே செல்லச் செல்லச் செங்குத்தாக நிமிரும் அந்த வளைவை, ஏறிவரும் வீரனைத் திருப்பி அனுப்பும் மதில் என்ற பொருளில் முஷா-கயெஷி என்பார்கள். ஐம்பது நாட்களுக்கும் மேல் முற்றுகையிட்டும் சைகோவின் படையால் கோட்டையைப் பிடிக்க முடியவில்லை.

ஓரிடத்தில், சாய்வான பழைய மதிலும் அதை ஒட்டிப் பிற்காலத்தில் எழுப்பிய செங்குத்தான மதிலும் அருகருகே நிற்கின்றன; கற்களைச் செதுக்கிய முறைகூட மாறியிருப்பதை அங்கே நின்று கண்ணால் காணலாம். 2016 ஏப்ரல் 14, 16 ஆகிய நாட்களில் வந்த நிலநடுக்கங்களில் சரிந்த கற்களை, ஒவ்வொன்றுக்கும் எண்ணிட்டு வரிசையாக அடுக்கி வைத்திருக்கிறார்கள். அவற்றைப் பழைய இடத்திலேயே பொருத்த வேண்டும் என்பதால் பணி 2052 வரை நீளும் என்கிறார்கள். அந்த எண்களைப் பார்க்காமல் திரும்புவது பெரிய இழப்பு. பார்வையாளர்களுக்காக அமைத்த உயர்ந்த நடைபாதையில் மெதுவாக நடந்து மதில்களைப் பாருங்கள். கோபுரத்துக்கு எஞ்சிய நேரம் போதும். நுழைவுக் கட்டணம் பெரியவர்களுக்கு 800 யென். பயணக் கட்டணத்தில் அது அடங்கியிருக்கிறதா என்று முன்பே பார்த்துக்கொள்ளுங்கள்.

ரோப்வேயைத் தேடுவது

அது இப்போது இல்லை. பழைய வழிகாட்டி நூல்களை நம்பாதீர்கள், மலை மேல் முனையத்திலிருந்து வாய்க்குச் செல்லச் சிற்றுந்துதான்.

நகரத்து வெயிலை நம்பி உடுத்துவது

குசசென்ரி கடல் மட்டத்திலிருந்து சுமார் 1100 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. குமமோட்டோ நகரத்தைவிட அங்கே ஆறேழு டிகிரி குளிர் கூடுதலாக இருக்கும். மறைப்பு ஏதுமில்லாத புல்வெளியில் காற்று வேறு. கோடையிலும் ஒரு மேல்சட்டை வேண்டும்.

பேருந்து காத்திருக்கும் என்று எண்ணுவது

காத்திருக்காது.

கோட்டை வேறு, எரிமலை வேறு என்று பார்ப்பது

மதிய உணவுக்குப் பின் பேருந்து அசோவை நோக்கி ஏறும்போது பலர் உறங்கிவிடுகிறார்கள். வடக்குத் தெற்காக 25 கிலோமீட்டரும் கிழக்கு மேற்காக 18 கிலோமீட்டரும் விரிந்த பெரும்பள்ளத்துக்குள் நுழைகிறோம் என்பது அவர்களுக்குத் தெரிவதில்லை. உள்ளே வயல்களும் ஊர்களும் ரயில் பாதையும் இருப்பதால் அது பள்ளமாகவே தோன்றாது. சுமார் 90,000 ஆண்டுகளுக்கு முன் நிகழ்ந்த பெருவெடிப்பில் வெளிவந்த எரிகுழம்புத் துகள்களும் சாம்பலும் குமமோட்டோ வரை பரவிப் படிந்தன. கோட்டை நிற்கும் குன்றே அந்தப் படிவுகளால் ஆன மேட்டுநிலத்தின் முனைதான். அந்த அடுக்குகளின் வழியே மழைநீர் வடிந்து தேங்குவதால், குமமோட்டோ நகரம் இன்றும் குடிநீர் முழுவதையும் நிலத்தடியிலிருந்தே எடுக்கிறது. கியோமசா கோட்டைக்குள் நூற்றுக்கு மேற்பட்ட கிணறுகளைத் தோண்ட முடிந்ததற்கும் காரணம் இதுவே. ஆகவே காலையில் கோட்டைக்குள் ஏதேனும் ஒரு கிணற்றை எட்டிப் பாருங்கள். பிற்பகலில் மலை ஏறும்போது சன்னலோர இருக்கையில் விழித்திருந்து, பள்ளத்தைச் சுற்றி மதில்போல் எழும் விளிம்பைக் கவனியுங்கள்.