நிறுவல் கலை: வாசலிலேயே நின்றுவிடுவதும் மற்றத் தவறுகளும்

நிறுவல் கலைக் காட்சி என்று கேள்விப்பட்டு வருகிறவர்களில் பலர் அறை வாசலிலேயே நின்றுவிடுகிறார்கள். உள்ளே எட்டிப் பார்ப்பார்கள், கைபேசியில் ஒரு படம் எடுப்பார்கள், "நல்லா இருக்கு" என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள். இலங்கை மலையகத்தில், ஹட்டன் பக்கத்தில் சித்திரம் படிப்பிக்கிற எனக்கு அதைப் பார்க்கும்போதெல்லாம் மனசு கேட்பதில்லை. அவர்கள் இன்னும் எதையுமே பார்க்கவில்லை.

ஓவியத்துக்கு முன்னால் நிற்கிறோம். சிலையைச் சுற்றி வருகிறோம். நிறுவல் கலைக்கு உள்ளே போகிறோம். தாபனக் கலை என்றும் இதைச் சொல்வார்கள். அறையின் அளவு, வெளிச்சம், வாசனை, குளிர், காலடிச் சத்தம், நாம் அங்கே நிற்கிற நேரம் எல்லாம் சேர்ந்ததுதான் படைப்பு. கைபேசிப் படத்தில் இவற்றில் பெரும்பாலானவை அகப்படாது.

எட்டி நின்று பார்க்கும்படி செய்யப்பட்டவையும் உண்டு என்பதைச் சொல்லத்தான் வேண்டும். நியூயோர்க்கில் வோல்டர் டி மரியா என்ற கலைஞர் 1977இல் ஒரு கட்டடத்தின் மாடித் தளம் ஒன்றில் மண்ணை நிரப்பினார். ஏறக்குறைய 127 தொன் மண், முழங்கால் உயரத்துக்கு. அதன்மேல் யாரும் நடக்க முடியாது, வாசலில்தான் நிற்கலாம். ஆனால் நகரத்துச் சத்தமெல்லாம் அடங்கிப் போய், ஈர மண்ணின் வாசனை மூக்கில் ஏறும். அங்கே நின்றுகொண்டிருப்பதே பார்ப்பதுதான். தேயிலை மலையில் புதுக்கன்று நட வெட்டிய குழியருகே நின்றவர்களுக்கு இதை நான் விளக்கத் தேவையில்லை.

அடுத்த தவறு செய்கிறவர்களுடையது. மலையகத்தைப் பற்றி ஏதாவது செய்யச் சொன்னால் உடனே ஒரு மூங்கில் கூடை வந்துவிடும். எங்கள் உயர்தர வகுப்புப் பிள்ளைகளும் பாடசாலைக் கண்காட்சிக்கு அப்படித்தான் திட்டம் போட்டார்கள்: பச்சை மலை வரைந்த பலகை, கூடை, களிமண்ணில் கொழுந்து பறிக்கிற பெண். நான் ஒன்றுதான் கேட்டேன். "உங்க அம்மா மலைக்குக் கூடையா கொண்டு போறாங்க?"

"இல்லை சேர், சாக்கு."

அதுதான் விஷயம். கூடை சுற்றுலா விடுதி வரவேற்பறையில் தொங்குகிறது. பல தோட்டங்களில் முதுகில் தொங்குவது நைலோன் சாக்கு. அடையாளச் சின்னத்தைக் கொண்டுவந்து வைத்தால் பார்க்கிறவர் "ஆ, தேயிலை" என்று புரிந்துகொண்டு அடுத்த அறைக்குப் போய்விடுவார். அவர் உடம்புக்கு ஒன்றும் நடக்காது.

அப்புறம் ஒரு பிள்ளை படங்கைப் பற்றிச் சொன்னாள். கொழுந்து பறிக்கிற பெண்கள் தேயிலைச் செடி கிழிக்காமலும் கீழே நனையாமலும் இருக்க இடுப்பைச் சுற்றிக் கட்டுகிற தடித்த விரிப்பு அது. வீட்டுக்கு வீடு கேட்டு, கிழிந்ததும் ஒட்டுப் போட்டதுமாக 30 படங்குகள் சேர்த்தோம். ஒரு வகுப்பறையின் சன்னல்களை மூடினோம். கயிறு கட்டி, படங்குகளைத் தண்ணீரில் நனைத்து, ஓர் ஆள் பக்கவாட்டில் நுழைந்து போகிற அளவுக்கு இடைவெளி விட்டு இடுப்பு உயரத்தில் தொங்கவிட்டோம். வேறொன்றும் வைக்கவில்லை. உள்ளே போனால் இரண்டு பக்கமும் ஈரம் உரசும், தண்ணீர் சொட்டுகிற சத்தம் கேட்கும், பழைய இறப்பரும் தேயிலைச் சாயமும் கலந்த வாசனை வரும்.

ஓய்வுபெற்ற ஓர் அம்மா பேரப்பிள்ளையோடு வந்தார். நுழையும்போதே தன்னை அறியாமல் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டார். நடுவில் நின்று ஒரு படங்கைக் கையால் பிடித்து, அதன் பாரத்தைத் தூக்கிப் பார்த்தார். "விடியக்காலையில கட்டுறப்போ இப்படித்தான் இருக்கும் மாஸ்டர். நேத்து நனைஞ்சது காயவே காயாது." அவ்வளவுதான் சொன்னார். நிறைய நேரம் உள்ளேயே நின்றார்.

அதே அறை வாசலில் பிள்ளைகள் முதலில் ஒரு முழுப் பக்க விளக்கம் எழுதி ஒட்டியிருந்தார்கள். வந்தவர்கள் எல்லோரும் அதை வாசித்துவிட்டு, வாசித்ததைச் சரிபார்க்க உள்ளே போனார்கள். மதியத்துக்குப் பிறகு அதைக் கழற்றி, வெளியே போகிற பக்கத்தில் நாலு வரி மட்டும் வைத்தோம். அர்த்தம் என்ன என்று முதலில் கேட்பது பார்க்கிறவரின் தவறு என்றால், அதை முந்திக்கொண்டு சொல்வது செய்கிறவரின் தவறு. முதலில் உடம்பு அறியட்டும். கேள்வி பிறகு தானாக வரும்.

இடத்தைக் கணக்கில் எடுக்காததும் பெரிய பிழைதான். ஓவியர் தா. சனாதனன் 2004இல் யாழ்ப்பாண மக்களிடம் சேகரித்த வீட்டுச் சாமான்களைக் காட்சிக்கு வைத்தது யாழ்ப்பாணப் பொது நூலகத்தில். 1981இல் எரிக்கப்பட்டு, மீளக் கட்டப்பட்ட கட்டடம் அது. போரில் மிஞ்சியவற்றை அந்தச் சுவர்களுக்கு நடுவே பார்ப்பதும், கொழும்பில் குளிரூட்டிய மண்டபத்தில் பார்ப்பதும் ஒன்றாகாது. சாமான் பாதி, இடம் பாதி. கம்பளைக்கு அருகே பழைய லயம் ஒன்றில், அதாவது தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடுகளில், தோட்டத் தொழிலாளர் அருங்காட்சியகம் இருக்கிறது. அங்கே பழைய பொருட்கள் அவற்றின் வரலாற்றைச் சொல்வதற்காக வைக்கப்பட்டிருக்கின்றன. அது அருங்காட்சியகத்தின் வேலை, மதிக்க வேண்டிய வேலை. பழைய பொருட்களை வரிசையாக வைத்தாலே நிறுவல் கலை ஆகிவிடாது என்பதற்காகத்தான் இதைச் சொல்கிறேன்.

வரலாற்றில் நடக்கிற குழப்பம் ஒன்று. மார்சல் டுஷாம்ப் 1917இல் சிறுநீர்க் கழிகலத்தை 'நீரூற்று' என்று பெயரிட்டுக் கண்காட்சிக்கு அனுப்பினார், அன்றே இந்தக் கலை பிறந்தது என்று பல குறிப்புப் புத்தகங்களை மனப்பாடம் செய்து மாணவர்கள் எழுதுகிறார்கள். அது தனிப் பொருள் ஒன்றைக் கலையாக முன்வைத்த காரியம். ஏற்கெனவே செய்யப்பட்ட சாதாரணப் பொருளை, அதாவது ஆயத்தப் பொருளை, அப்படியே கலையாக எடுக்கலாம் என்ற துணிச்சல் அங்கிருந்து வந்தது, உண்மை. ஆனால் அறையையே படைப்பாக்குவது வேறு வழியாகவும் வந்தது. எல் லிசிட்ஸ்கி 1923இல் பெர்லினில் ஓர் அறையின் சுவர்களையெல்லாம் ஒரே படைப்பாகச் சேர்த்தார். ஹனோவரில் குர்ட் ஷ்விட்டர்ஸ் தன் வீட்டுக்குள்ளேயே வருடக்கணக்காகக் கட்டி வளர்த்த படைப்பு 1943இல் குண்டுவீச்சில் அழிந்தது. டுஷாம்பும் 1938இல் பாரிஸில் கூரையிலிருந்து நூற்றுக்கணக்கான நிலக்கரிச் சாக்குகளைத் தொங்கவிட்டார். நிறுவல் கலைக்கு 'நீரூற்றை'விட நெருங்கிய உறவு அந்தச் சாக்குகள்தான் என்பது என் எண்ணம். அலன் கப்ரோ 1961இல் நியூயோர்க்கில் ஒரு முற்றம் நிறையப் பழைய டயர்களைக் கொட்டி, வந்தவர்களை அதன்மேல் ஏறி நடக்கவிட்டார். இப்படிப்பட்ட தன் படைப்புகளுக்குக் கப்ரோ 'சூழல்' என்று பெயர் சொன்னார், நிறுவல் கலை என்ற இன்றைய பெயர் அதற்குப் பிறகுதான் நிலைத்தது. இலங்கையில் 1990களில் ஜகத் வீரசிங்க போன்ற கலைஞர்கள் வன்முறையைப் பேச வந்தபோது இந்த வடிவம் வலுப்பெற்றது. நமது பக்கத்தில் ஹனுஷா சோமசுந்தரம் தேயிலைத் தொழிலாளர் வாழ்வை வைத்து வேலை செய்கிறார். பிள்ளைகளுக்கு அவருடைய பெயரையும் சொல்லிக் கொடுங்கள்.

இன்னொன்று, இது அன்பினால் வருகிற தவறு. "நம்ம காமன் கூத்தும் நிறுவல் கலைதானே?" என்று மலையகத் தோட்டங்களில் ஆடுகிற சடங்குக் கூத்தைப் பற்றிக் கேட்பார்கள். மாசியில் காமன் பொட்டலில் ஊன்றி, இரவுகளில் ஆடி, கடைசியில் எரித்துவிடுகிறோம். இடம், காலம், அழிவு எல்லாம் அதில் இருக்கிறது. இந்தக் கலையைப் புரிந்துகொள்ள அது நல்ல வாசல். ஆனால் அங்கே நேர்த்திக்கடன் இருக்கிறது, நம்பிக்கை இருக்கிறது. அதற்கு வேறு பெயர் ஒட்டினால் கூத்துக்குப் பெருமை கூடிவிடாது.

செய்முறையில் சில. தொடலாமா கூடாதா என்பதை எழுதி வையுங்கள். 2010இல் ஆய் வெய்வெய் லண்டனில் 10 கோடி பீங்கான் சூரியகாந்தி விதைகளைப் பரப்பி மக்களை நடக்கவிட்டபோது தூசி கிளம்பி, சில நாட்களிலேயே நடப்பதை நிறுத்த வேண்டியிருந்தது. தகரக் கூரை மரத்தில் பாரத்தைத் தொங்கவிடுமுன் ஒரு தச்சரிடம் காட்டுங்கள். ஈரமான அறையில் மின்வயர் வேண்டாம். அடையாள அட்டை, சம்பளத் துண்டு, கலியாணப் படம் போன்றவற்றை உரியவர் கையால் சம்மதம் வாங்காமல் ஒருபோதும் வைக்காதீர்கள். அவருடைய வறுமை உங்கள் மூலப்பொருள் அல்ல. வாங்கிய பொருட்களுக்கு ஒரு பதிவு வையுங்கள்.

நாங்கள் வைத்தோம். ஞாயிறு மாலை கயிற்றை அவிழ்த்து, பெயர் பார்த்து, 30 படங்குகளையும் வெயில் இருந்த கொஞ்ச நேரம் காயப்போட்டு, பிள்ளைகள் லயம் லயமாகக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வந்தார்கள். திங்கட்கிழமை காலைப் பிரட்டுக்கு, வேலைக்குப் பெயர் கொடுக்கக் கூடுகிற நேரத்துக்கு, அவை தேவைப்பட்டன.