வாடிய பயிரோடு நின்றுவிடக் கூடாது: அறத்தையும் சமூக முன்னேற்றத்தையும் சேர்த்துப் பேசும்போது நேரும் தவறுகள்

ஆன்மிகமும் அறமும் சமூக முன்னேற்றத்துக்கு அடிப்படை என்று பேசுகிறவர்கள் பெரும்பாலும் வள்ளலாரின் "வாடிய பயிரைக் கண்டபோதெல்லாம் வாடினேன்" என்ற அடியைச் சொல்லாமல் இருப்பதில்லை. பள்ளிச் சுவர்களிலும் அந்த ஓர் அடிதான் எழுதப்பட்டிருக்கிறது. ஆனால் பாட்டு அங்கே முடியவில்லை. வீடு வீடாக இரந்தும் பசி அடங்காமல் அயர்ந்தவர்களைக் கண்டு பதைத்ததையும், நீண்ட நாள் நோயில் கிடப்பவர்களைக் கண்டு துடித்ததையும், 'ஈடின் மானிகளாய் ஏழைகளாய்' நெஞ்சு இளைத்தவர்களைக் கண்டு தாமும் இளைத்ததையும் அடுத்த அடிகள் சொல்கின்றன. மனிதர்கள் வரும் மூன்று அடிகளையும் விட்டுவிட்டுப் பயிரை மட்டும் எடுத்துக்கொள்வதே நான் அடிக்கடி காணும் முதல் தவறு. பயிருக்காக வாடுவதில் எவருக்கும் இழப்பில்லை. பசித்தவருக்காகப் பதைப்பவரோ, அவர் ஏன் பசித்திருக்கிறார் என்ற கேள்வியை உடனே எதிர்கொள்ள வேண்டியிருக்கிறது.

இதிலிருந்து பிறப்பது, கருணையை மனத்தின் ஒரு நிலையாக மட்டும் எண்ணிக்கொள்வது. வள்ளலார் அப்படி எண்ணவில்லை. வடலூரில் ஊர் மக்கள் கொடுத்த நிலத்தில் 1867 மே 23 அன்று, பசித்து வந்தவர்களுக்குச் சோறிடும் சத்திய தருமச்சாலையைத் தொடங்கினார். அன்று மூட்டிய அடுப்பு இன்றுவரை அணையாமல் காக்கப்பட்டு வருகிறது. ஓர் அடுப்பு ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல் எரிய வேண்டுமென்றால் அரிசி வந்துகொண்டே இருக்க வேண்டும், விறகு சேர வேண்டும், விடியுமுன் எழுந்து உலை வைக்க ஆள் வேண்டும், கணக்கு எழுத வேண்டும். இத்தனையும் சேர்ந்ததுதான் அங்கே கருணை எனப்படுவது. நற்பண்பு வளர்ந்தால் சமூகம் தானாகத் திருந்திவிடும் என்று நம்பி, விறகையும் கணக்கையும் யாரோ பார்த்துக்கொள்வார்கள் என்று விட்டுவிடும் முயற்சிகள் சில மாதங்களிலேயே ஓய்ந்துபோவதைப் பார்த்திருக்கிறேன்.

அடுத்த தவறு இதைவிட ஆழமானது. படித்தவர்களிடமே அதிகம் காணப்படுவது. உதவி பெறுகிறவரின் ஒழுக்கத்தை முதலில் அளக்கத் தொடங்குவதுதான் அது. குடிக்கிறவனுக்கு ஏன் சோறு, உழைக்காதவனுக்கு ஏன் அரிசி என்ற பேச்சு அறத்தின் பெயரிலேயே எழுகிறது. வள்ளலாரைவிடக் கடுமையாகக் கொலையையும் புலாலையும் மறுத்தவரைக் காண்பது அரிது. 1872 ஜனவரியில் வழிபாடு தொடங்கிய சத்திய ஞான சபைக்குள் கொலையும் புலாலும் தவிர்த்தவர்களே புகலாம் என்று விதித்தவர் அவர். அந்த நெறியை ஏற்காதவர்களைப் 'புற இனத்தார்' என்றே பாடினார். ஆனால் அதே பாட்டில், அவர்களுக்கும் பசி தவிர்த்தலை மட்டும் செய்யுங்கள் என்கிறார். சபையின் வாசலில் நிபந்தனை உண்டு; அடுப்பின் முன்னால் ஒரு நிபந்தனையும் கிடையாது. பசித்து வந்தவர் எந்தத் தேசத்தார், எந்தச் சமயத்தார், எந்தச் சாதியார், என்ன செய்கையர் என்று விசாரிக்காமல் பசியாற்ற வேண்டும் என்று அவர் உரைநடையிலும் விரித்து எழுதியிருக்கிறார். பசி மிகும்போது கண் பஞ்சடைவதையும் காது அடைப்பதையும் நாக்கு உலர்வதையும் ஒரு மருத்துவரைப் போல வரிசையாகச் சொல்லி, அந்த நிலையில் அறிவே மயங்கிவிடுகிறது என்கிறார். அறிவு மயங்கி நிற்பவரிடம் ஒழுக்கத் தேர்வு நடத்துவது எவ்வளவு பெரிய கொடுமை என்பது அந்தப் பக்கங்களைப் படித்தால் புரியும்.

'ஈடின் மானிகள்' என்ற சொல்லுக்குத் திரும்புகிறேன். ஒப்பற்ற மானமுடைய ஏழைகள். கேட்க வாய் வராதவர்கள். சில ஆண்டுகளுக்கு முன் தைப்பூசத்தை ஒட்டி எங்கள் பகுதியில் நடந்த ஓர் அன்னதானத்தில் நானும் பரிமாறப் போயிருந்தேன். வெயிலில் நெடுநேரம் வரிசையில் நின்ற ஒரு பாட்டி இலையின் முன் உட்கார்ந்து சோற்றைப் பிசையக் கை வைத்தபோது, படம் எடுக்கும் தம்பி, "பாட்டி, கொஞ்சம் இருங்க, ஐயா வந்துரட்டும்" என்றார். நன்கொடையாளர் வந்து கரண்டியைப் பிடித்துக்கொண்டு நிற்க, படம் எடுத்து முடியும் வரை அந்தப் பாட்டி முந்தானையை முகத்துக்கு முன்னால் இழுத்துக்கொண்டு, கையைச் சோற்றிலேயே வைத்தபடி காத்திருந்தார். சாம்பார் வாளியோடு நின்ற நான் ஒன்றும் சொல்லவில்லை, சொல்லியிருக்க வேண்டும். மறுநாளும் சாப்பாடு இருந்தது, அவர் வரவில்லை. கொடுக்கும் முறை வாங்குபவரைக் கூசச் செய்யுமானால், யாருக்காகக் கொடுக்கிறோமோ அவர்களே முதலில் விலகிப்போவார்கள். அடுத்த ஆண்டு படம் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டோம், நன்கொடையாளரும் மறுக்கவில்லை.

அருளாளரைக் கும்பிட்டுவிட்டு அவர் எதிர்த்ததை அப்படியே வைத்துக்கொள்வதையும் இங்கே சொல்ல வேண்டும். சாதியும் சமயமும் பொய்யென்று பாடியவரின் படத்தை மாட்டிய வீடுகளிலும் திருமணப் பேச்சு சாதியில்தான் தொடங்குகிறது. இதற்கு நீண்ட விளக்கம் தேவையில்லை.

ஆனால் ஈகையோடு நின்றுவிடுவதைப் பற்றி விரிவாகப் பேச வேண்டும். ஈகை கொடுப்பவரின் விருப்பத்தைச் சார்ந்தது; அவர் மனம் மாறினாலோ வசதி குறைந்தாலோ இலை விரிக்கப்படாது. 1920இல் சென்னை மாநகராட்சி, தலைவர் பிட்டி தியாகராயர் காலத்தில், ஆயிரம் விளக்குப் பள்ளியில் ஒரு மாணவருக்கு நாளொன்றுக்கு ஓரணாவுக்கு மிகாமல் சிற்றுண்டி வழங்கத் தீர்மானித்தது. வேறு சில பள்ளிகளுக்கும் பரவிய அந்தத் திட்டம், கல்வி நிதியிலிருந்து இதற்குச் செலவிடக் கூடாது என்ற அன்றைய அரசின் மறுப்பால் 1925இல் நின்றுபோனது. 1950களில் காமராசர் மதிய உணவைக் கொண்டுவந்தபோது ஊர் மக்களின் அரிசியும் பணமும் அதில் பெரும்பங்கு வகித்தன. அரசும் தன் பங்கை ஏற்றது. 1982இல் எம்.ஜி.ஆர். சத்துணவுத் திட்டமாக அதை விரித்தார். 2001 நவம்பரில் உச்ச நீதிமன்றம் நாடெங்கும் அரசுப் பள்ளிகளில் சமைத்த உணவு வழங்க ஆணையிட்டது. 2013இன் உணவுப் பாதுகாப்புச் சட்டம் அதைக் குழந்தையின் உரிமையாகவே எழுதிவைத்தது. கொடுப்பவரின் நல்ல மனத்தை நம்பியிருந்த ஒரு தட்டுச் சோறு, நிறுத்தினால் வழக்குப் போடக்கூடிய உரிமையாக மாற இத்தனை ஆண்டுகள் ஆயின. சட்டம், வரவு செலவு, அரசாணை போன்றவை ஆன்மிகத்துக்கு அந்நியமானவை என்று ஒதுங்கும் அன்பர்கள் இந்த வரலாற்றைக் கவனமாகப் பார்க்க வேண்டும்.

இதன் மறுபக்கத்திலும் ஒரு தவறு இருக்கிறது. சட்டம் வந்துவிட்டது, இனி விழுமியங்களைப் பற்றிய பேச்சு எதற்கு என்று கேட்பவர்கள் உண்டு. 2018இல் திருப்பூர் மாவட்டத்துப் பள்ளி ஒன்றில், சமைப்பவர் பட்டியல் சாதியைச் சேர்ந்தவர் என்பதற்காகவே பெற்றோர் சிலர் எதிர்ப்புத் தெரிவித்தனர். அரிசிக்கு ஒதுக்கீடு இருந்தது, முட்டைக்கு இருந்தது, சமையலருக்குப் பணி ஆணையும் இருந்தது. அந்தப் பெற்றோர் எவரும் பசியை ஆற்றக் கூடாது என்று சொல்பவர்கள் அல்லர். யார் கையால் என்பதுதான் அவர்களுக்குச் சிக்கல். சமைக்கும் அந்தப் பெண்ணுக்குப் பாதுகாப்புத் தரச் சட்டத்தால் முடியும், தந்தாக வேண்டும். அவர் வடித்த சோற்றை உண்ணலாம் என்று வீட்டில் பிள்ளையிடம் சொல்ல வேண்டியவர்கள் அதே பெற்றோர்தான். அதைச் சொல்ல வைக்கும் வேலை வாசகசாலையிலும் கோயில் மண்டபத்திலும் திண்ணைப் பேச்சிலும் நடக்க வேண்டியது; அங்கே பேசுகிறவர்கள் இந்தப் பேச்சைத் தவிர்த்துவிட்டுப் பயிரைப் பற்றி மட்டும் பேசுவதால்தான் அது நடக்காமல் இருக்கிறது.

எங்கள் ஊர்ப் பள்ளியில் மதிய மணி அடித்ததும் குழந்தைகள் தட்டோடு ஓடிவருவார்கள். எந்தப் பிள்ளையும் யாருக்கும் நன்றி சொல்வதில்லை. வரிசையில் நின்று வாங்கி, வேப்பமரத்தடியில் கலந்து உட்கார்ந்து, பாதி சாப்பிட்டதும் எழுந்து வந்து, "ஆயா, இன்னும் கொஞ்சம் குழம்பு" என்று தட்டை நீட்டுவார்கள். ஆயாவும் ஊற்றுவார்.