தாராபுரத்தில் உட்கார்ந்து சிங்கப்பூர் தேர்தலைப் புரிந்துகொள்வது எப்படி?

அக்கா மகன் சிங்கப்பூரில் இருக்கிறான், அங்கே தேர்தல் என்றால் நமக்கும் கை பரபரக்கிறது என்பவர்கள், முதலில் ‘தனித்தொகுதி’ என்ற சொல்லை மாற்றிப் படிக்கப் பழகுங்க. நமக்குத் தாராபுரமும் அவிநாசியும் தனித்தொகுதி, அதாவது பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கியது. அங்கே ஒரே உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கும் தொகுதிக்குத்தான் அந்தப் பெயர். இன்னொன்று குழுத்தொகுதி: நாலைந்து பேர் ஒரே அணியாக நிற்பார்கள், ஜெயித்தால் எல்லாரும் உள்ளே, தோற்றால் எல்லாரும் வெளியே. அணியில் சிறுபான்மை இனத்தவர் ஒருவராவது இருக்க வேண்டும். தமிழர் பலர் நாடாளுமன்றத்துக்குப் போவது இந்த வழியில்தான். நல்ல ஏற்பாடு என்றே நினைக்கிறேன், ஆனால் ஆளெடுக்கச் சிரமப்படும் சின்னக் கட்சிக்கு இது பெரிய சுமை.

சரி, முடிவு நாள். இரவு 8 மணிக்கு வாக்குப்பதிவு முடியும், நமக்கு அப்போது மாலை 5.30. நம்ம ஊர் மாதிரி வாரக்கணக்கில் காத்திருக்க வேண்டாம், அன்று ராத்திரியே எண்ணிவிடுவார்கள். முதலில் வருவது மாதிரி வாக்கு எண்ணிக்கை: ஒவ்வொரு வாக்குச்சாவடியிலும் 100 சீட்டை எடுத்து எண்ணிப் போடுவது. இதில் 4 சதவீதப் புள்ளி கூடலாம், குறையலாம். அதனால் 52-48 என்று வந்தால் அவசரப்பட்டு மருமகனுக்குப் போன் போடாதீங்க.

2025 மே 3 தேர்தலில் 97 இடங்களில் ஆளும் மக்கள் செயல் கட்சிக்கு 87, எதிர்க்கட்சியான பாட்டாளிக் கட்சிக்கு 10. அப்புறம், அங்கே வாக்களிப்பது கட்டாயம். போகாவிட்டால் பட்டியலில் இருந்து பெயரை எடுத்துவிடுவார்கள், குடியுரிமை வாங்கிய சொந்தக்காரர்களிடம் இதை ஞாபகப்படுத்துங்க.