சின்ன பட்ஜெட் படத்துக்குப் பின்னணி இசை: எடிட் லாக் முதல் டெலிவரி வரை

சுயாதீனப் படங்களில் இசையமைப்பாளரின் கழுத்தை நெரிப்பது பெரும்பாலும் மெட்டு அல்ல, ஃபைலும் பேப்பரும்தான்.

எடிட் லாக் ஆகாமல், அதாவது வெட்டு இனி மாறாது என்று முடிவாகாமல், காட்சிக்கு வாசிக்க உட்காராதீர்கள். தீம் போட்டு வைக்கலாம், அதோடு சரி. நடுவில் 12 ஃப்ரேம் வெட்டினாலே பின்னால் வரும் இசையெல்லாம் அரை விநாடி பிந்தி விழும்.

எடிட்டரிடம் டைம்கோடு (மணி, நிமிடம், விநாடி, ஃப்ரேம் எண்) பதிந்த வீடியோ கேளுங்கள். வசனம் ஒரு டிராக், டெம்ப் மியூசிக் (எடிட்டில் தற்காலிகமாகப் போட்ட வேறு இசை) இன்னொரு டிராக் என்று பிரித்துத் தரச் சொல்லுங்கள். ஒட்டிக்கொண்டு வந்தால் டெம்ப்பை அணைக்க வழியில்லை. ஃப்ரேம் ரேட்டை, அதாவது விநாடிக்கு எத்தனை ஃப்ரேம் என்பதை, எழுத்தில் வாங்குங்கள். 23.976-ஐ 24 என்று வைத்து வேலை செய்தால் மூன்று நிமிட பிட்டிலேயே (ஒரு இடத்துக்கான இசைத் துண்டு) நாலு ஃப்ரேம் விலகிவிடும்.

அடுத்தது ஸ்பாட்டிங், அதாவது எங்கெங்கே இசை வர வேண்டும் என்று குறிப்பது. இயக்குநரோடு படம் முழுக்கப் பார்த்து, ஒவ்வொரு பிட்டுக்கும் எண், தொடங்கும் நேரம், முடியும் நேரம், அது எதற்கு என்று ஒரு வரி எழுதுங்கள். ‘சோகமா வேணும்’ என்பது போதாது. அது யாருடைய சோகம் என்று கேளுங்கள். ஒருத்தி கடிதத்தைப் பிரிக்கிறாள். அப்போதே இசை வந்தால் சேதி கெட்டது என்று நீங்களே சொல்லிவிடுகிறீர்கள். படித்து முடித்து மடிக்கும்போது வந்தால் அவள் மனசு கேட்கும். அதே மெட்டுதான், இடம்தான் வேறு. டெம்ப்பில் இயக்குநருக்குப் பிடித்தது வேகமா, வாத்தியமா, அடக்கமா என்றும் அப்போதே கேட்டுவிடுங்கள். டெம்ப்பின் மெட்டையே தழுவினால் வழக்கு வரலாம்.

தனியாளாக நாளுக்கு இரண்டு நிமிட இசை முடிந்தால் நல்ல வேகம். 40 நிமிடத்துக்கு 20 நாள். திருத்தங்கள் தனிக் கணக்கு.

வசனத்தோடு இசை மோதினால் பலரும் வால்யூமைக் குறைப்பார்கள். அது மருந்தல்ல. பேச்சின் தெளிவு பெரும்பாலும் 1 முதல் 4 கிலோஹெர்ட்ஸுக்குள் இருக்கிறது. அங்கே மெட்டை ஓடவிடாமல், பேசும்போது நீண்ட சுரத்தைப் பிடித்து, இடைவெளியில் நகருங்கள். சாம்பிள் ஸ்ட்ரிங்ஸ் (கம்ப்யூட்டரில் வாசிக்கும், முன்பே பதிந்த வயலின் வகை ஒலிகள்) பிளாஸ்டிக்காக ஒலித்தால் மேலே ஒரே ஒரு நிஜ வயலின் வாசிக்க வையுங்கள்; கையில் இருக்கும் காசுக்கு இதைவிட நல்ல செலவு கிடையாது.

டெலிவரி பொதுவாக 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் (இங்கே பிட் என்பது ஒலிப்பதிவின் தர அளவு) வேவ் ஃபைல். ஐந்தாறு ஸ்டெம்களும் (வாத்திய வகை வாரியாகப் பிரித்த ஃபைல்கள்) ஒரே புள்ளியில் தொடங்க வேண்டும், ஃபைல் பெயரில் டைம்கோடு இருக்க வேண்டும். ஸ்டெம்களைக் கூட்டினால் முழு மிக்ஸ் அப்படியே வரவேண்டும். எல்லா ஒலியும் சேரும் மாஸ்டரில், ஏற்ற இறக்கத்தை அடக்கும் கம்ப்ரஸரோ லிமிட்டரோ போட்டிருந்தால் வராது, எடுத்துவிடுங்கள்.

இசை வாசிக்க உட்காருவதற்கு முன்பே ஒப்பந்தம் கையெழுத்தாக வேண்டும். வாத்தியக்காரர் கூலி, ஸ்டுடியோ வாடகை உங்கள் சம்பளத்துக்குள்ளா, வெளியிலா என்பதுதான் முதல் கேள்வி. ஒரு பிட்டுக்கு இரண்டு திருத்தம், லாக்குக்குப் பிறகு எடிட் மாறினால் தனிக் கூலி, பணம் மூன்று தவணை என்று எழுதுங்கள். சம்பளம் குறைவென்றால் இசையின் உரிமையை நீங்களே வைத்துக்கொண்டு படத்துக்கு மட்டும் லைசென்ஸ் கொடுங்கள். பிட் பெயர், நீளம், எழுதியவர், பயன்பட்ட விதம் அடங்கிய கியூ ஷீட்டையும் நீங்களே தயாரித்துத் தயாரிப்பாளரிடம் கொடுங்கள். அது ராயல்டி வசூலித்துத் தரும் உரிமைச் சங்கத்துக்குப் போகாவிட்டால், படம் டிவியில் ஓடினாலும் உங்களுக்கு ராயல்டி வந்து சேராது.