நிஃப்ல்ஹைமும் மூஸ்பெல்லும்: நார்ஸ் புராணம் பேசும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

வடக்கே நிஃப்ல்ஹைம் என்ற பனி, தெற்கே மூஸ்பெல் என்ற தீ, இரண்டுக்கும் நடுவே கின்னுங்ககாப் என்ற பெரும் வெறுமை. வெப்பம் பட்டுப் பனி உருகிச் சொட்ட, அந்தத் துளிகளில் யிமிர் என்ற முதல் ராட்சதன் பிறந்தான். நார்ஸ், அதாவது பழைய ஸ்காண்டிநேவிய, படைப்புக் கதையை வீடியோக்களிலும் கேம்களிலும் இப்படித்தான் பார்க்கிறோம், இந்த அளவில் தப்பு ஒன்றும் இல்லை. அதற்கு மேல் விளக்கப் போகும்போதுதான் சிக்கல். நிஃப்ல்ஹைம் என்றால் பனி நரகம், மூஸ்பெல்ஹைம் என்றால் தீ அரக்கர்களின் நாடு, ஒன்பது உலகங்களின் பட்டியல் இதோ, வரைபடம் இதோ என்று அடுக்கிக்கொண்டே போகிறார்கள். மூலத்தைத் திறந்து பார்த்தால் அவற்றில் பல அங்கே இல்லை, இருப்பவையும் வேறு மாதிரி இருக்கின்றன. எனக்கு இந்தக் கதைகள் மேல் பெரிய பிரியம் உண்டு. மூலத்தில் இருக்கும் கதை இந்தச் சுருக்கங்களைவிட எவ்வளவோ விசித்திரமானது, அதை இழந்துவிடக் கூடாது என்றுதான் இதை எழுதுகிறேன்.

எல்லாத் தவறுகளும் ஒரே இடத்தில் தொடங்குகின்றன: 'வைக்கிங்குகள் இப்படி நம்பினார்கள்' என்று சொல்லிவிடுவதில். பனியும் தீயும் சந்தித்து உயிர் பிறந்த கதையை முழுசாக நமக்குச் சொல்பவர் ஸ்னோரி ஸ்டர்லூசன் என்ற ஐஸ்லாந்துக்காரர். 1220 வாக்கில் எழுதினார், 1241-ல் கொலை செய்யப்பட்டார். கவிஞர், வரலாற்றாசிரியர், செல்வாக்குள்ள அரசியல்வாதி, கிறிஸ்தவர். ஐஸ்லாந்து கிறிஸ்தவத்தை ஏற்றது 1000 வாக்கில், அதாவது அவர் பேனா எடுப்பதற்கு இருநூறு வருடங்களுக்கும் முன்னால். பழைய பாணியில் பாட்டு எழுத விரும்பும் இளம் கவிஞர்களுக்குப் பழைய கதைகள் தெரிந்திருக்க வேண்டும் என்பதற்காக அவர் தொகுத்ததுதான் 'உரைநடை எடா'. பழைய பாட்டுகளை மேற்கோள் காட்டுகிறார், அவற்றைக் கோத்துக் கதையாக்குகிறார், இடைவெளிகளைத் தானே நிரப்புகிறார்.

அவர் கையில் இருந்த பாட்டுகள் பல நமக்கும் கிடைத்திருக்கின்றன, 1270-களில் எழுதப்பட்ட 'கோடெக்ஸ் ரெகியஸ்' என்ற தோல் சுவடியில். அதில் உள்ள 'வோலுஸ்பா' பாட்டு படைப்பைப் பற்றி என்ன சொல்கிறது? யிமிர் வாழ்ந்த ஆதிகாலத்தில் மணல் இல்லை, கடல் இல்லை, குளிர்ந்த அலைகள் இல்லை, பூமியும் இல்லை மேலே வானமும் இல்லை, வெறுமைதான் இருந்தது, புல் எங்கும் இல்லை. அவ்வளவுதான். அங்கே பனி உலகமும் இல்லை, தீ உலகமும் இல்லை. இதே வரிகளை ஸ்னோரி எடுத்துக்காட்டும்போது 'யிமிர் வாழ்ந்த காலத்தில்' என்பதற்குப் பதில் 'ஒன்றுமே இல்லாத காலத்தில்' என்று வருகிறது. அவருக்குக் கிடைத்த பாட்டின் வடிவமே அப்படி இருந்ததா, அவரே மாற்றினாரா என்பது வேறு விவாதம். ஆனால் ஒரே பாட்டின் ஒரே அடியில் இரண்டு வெவ்வேறு தொடக்கங்கள் இருக்கின்றன என்பது தெரிந்த பிறகு 'நார்ஸ் புராணத்தின்படி' என்று ஒரே மூச்சில் சொல்ல மனம் வராது. நிஃப்ல்ஹைம் என்ற பெயரே அந்தச் சுவடியின் பாட்டுகளில் கிடையாது, ஸ்னோரியிடம்தான் வருகிறது. பாட்டுகளில் இருப்பது நிஃப்ல்ஹெல், அது இறந்தவர்களின் இடம். ஆகவே எதையும் பகிர்வதற்கு முன்னால் இது பாட்டில் இருக்கிறதா, ஸ்னோரியிடம் இருக்கிறதா, இரண்டிலும் இல்லையா என்று ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

அடுத்து, அந்தப் பனியை வெறும் பனி என்று நினைப்பது. எனக்கு அதிகம் வருத்தம் தருவது இதுதான், ஏனென்றால் கதையின் உயிரே இங்கேதான் இருக்கிறது. ஸ்னோரி சொல்வதைக் கேளுங்கள்: பூமி உண்டாவதற்குப் பல யுகங்கள் முன்பே நிஃப்ல்ஹைம் இருந்தது, அதன் நடுவில் ஹ்வெர்கெல்மிர் என்ற ஊற்று, அதிலிருந்து ஸ்வோல், ஸ்லித், ல்யெய்ப்தர், க்யோல் என்று பதினோரு ஆறுகள். ஏலிவாகார் எனப்படும் அந்த ஆறுகள் பிறந்த இடத்தை விட்டு வெகுதூரம் போனதும், அவற்றோடு வந்த நச்சு நுரை, உலையிலிருந்து வழியும் கசடு இறுகுவதைப் போல இறுகிப் பனிக்கட்டியானது. அது அசையாமல் நின்றபோது நஞ்சிலிருந்து கிளம்பிய தூறல் அதன் மேலேயே உறைந்து, அடுக்கு மேல் அடுக்காக வெறுமைக்குள் பரவியது. ஆக யிமிர் சுத்தமான பனி உருகிப் பிறந்தவன் இல்லை, விஷம் உறைந்து உருகியதில் பிறந்தவன். இந்த இடத்தில் ஸ்னோரிக்குப் பாட்டின் ஆதாரமும் உண்டு: 'வாஃப்த்ரூத்னிஸ்மால்' பாட்டில் தெய்வங்களின் தலைவனான ஓடினிடம் ஒரு ராட்சதன், ஏலிவாகாரிலிருந்து நச்சுத் துளிகள் தெறித்தன, அவை வளர்ந்து ராட்சதன் ஆனான் என்று சொல்கிறான். அந்த அடிகளில் தீயைப் பற்றிப் பேச்சே இல்லை. நஞ்சு பழைய பாட்டிலேயே இருக்கிறது. தெற்கிலிருந்து வந்த வெப்பம் அங்கே இல்லை, ஸ்னோரியின் உரைநடையில் இருக்கிறது. நாம் சுருக்கிச் சொல்லும்போது பனியையும் தீயையும் வைத்துக்கொண்டு நஞ்சை விட்டுவிடுகிறோம்!

உருகிய பனியிலிருந்து யிமிர் மட்டும் வரவில்லை, அவுதும்லா என்ற பசுவும் வந்தது. அதன் மடியிலிருந்து ஓடிய நாலு பாலாறுகளில்தான் யிமிர் வளர்ந்தான். பசு எதைத் தின்றது? உப்புக் கரித்த பனிக்கற்களை நக்கியது. முதல் நாள் மாலை அந்தக் கல்லிலிருந்து ஒரு மனிதனின் தலைமுடி வெளிப்பட்டது, இரண்டாம் நாள் தலை, மூன்றாம் நாள் முழு ஆள். அவன்தான் பூரி, ஓடினின் தாத்தா. அதாவது தெய்வங்களின் வம்சமும் அதே பனியிலிருந்துதான் வெளியே வருகிறது. பனி தீயது, ராட்சதர்கள் மட்டும்தான் அதற்குச் சொந்தம் என்று பேசுகிறவர்கள் பூரியை மறந்துவிடுகிறார்கள்.

சரி, நரகம். நரகம் என்றதும் நமக்கு எண்ணெய்க் கொப்பரையும் தீயும் நினைவுக்கு வரும், அதனால் மூஸ்பெல்லைப் பாவிகள் போகும் இடமாகக் கற்பனை செய்வது எளிது. ஆனால் செத்தவர் யாரும் மூஸ்பெல்லுக்குப் போவதில்லை. அவர்களில் பலர் போவது ஹெல் என்ற இடத்துக்கு, அது கீழே, வடக்கே, இருட்டில் இருக்கிறது. இறந்துபோன ஓடினின் மகன் பால்டரைத் தேடி அவன் சகோதரன் ஹெர்மோத் ஒன்பது இரவுகள் எதுவும் கண்ணுக்குத் தெரியாத ஆழமான பள்ளத்தாக்குகள் வழியாகக் குதிரையில் போகிறான், க்யோல் ஆற்றின் மேல் பொன்னால் வேய்ந்த பாலத்தைக் கடக்கிறான். தண்டனை பற்றி 'வோலுஸ்பா' பேசும் இடத்திலும் தீ இல்லை: வடக்கே பார்த்த கதவுகள் கொண்ட ஒரு மண்டபம், பாம்புகளின் முதுகெலும்புகளால் பின்னிய சுவர், கூரைத் துளை வழியாகச் சொட்டும் விஷம், கொலைகாரர்களும் சத்தியம் மீறியவர்களும் கனத்த நீரோட்டத்தில் நடக்கிறார்கள். அப்புறம், ஹெல்லே ஒரு தண்டனை இடம் என்றும் சொல்ல முடியாது. நோயிலும் முதுமையிலும் இறந்தவர்கள் அங்கே போகிறார்கள் என்கிறார் ஸ்னோரி, வேறோர் இடத்தில் கெட்டவர்கள் ஹெல்லுக்கும் அங்கிருந்து நிஃப்ல்ஹெல்லுக்கும் போகிறார்கள் என்கிறார், கடைசியில் தெய்வங்களிலேயே நல்லவனான பால்டர், நோயிலும் சாகாதவன், அங்கே மரியாதை ஆசனத்தில் உட்கார்ந்திருக்கிறான். இந்த முரண்களை நீங்கள் சரிசெய்ய வேண்டியதில்லை, அப்படியே சொல்லலாம்.

மூஸ்பெல் பக்கம் வந்தால் பெரிய தவறு, அதை ஒரு நாடாக மட்டுமே பார்ப்பது. ஸ்னோரிக்கு அது தெற்கே எரிந்துகொண்டிருக்கும் ஒளிமிக்க இடம், அங்கே பிறக்காதவர்களால் தாங்க முடியாது, எல்லையில் சுர்த் எரியும் வாளோடு காவல் இருக்கிறான். பழைய பாட்டுகளில் வருவதோ 'மூஸ்பெல்லின் மக்கள்', 'மூஸ்பெல்லின் புதல்வர்கள்' என்ற அளவில்தான். மூஸ்பெல் ஓர் இடமா, ஓர் ஆளா என்பது அந்த அடிகளை வைத்துத் தெரியாது. ஒன்பதாம் நூற்றாண்டு பவேரியக் கிறிஸ்தவப் பாட்டு ஒன்றில் இதே சொல் உலக அழிவைப் பேசும் இடத்தில் வருகிறது என்பதால், தீயால் வரும் முடிவுக்கே அது பெயராக இருந்திருக்கலாம் என்று நினைக்கும் ஆய்வாளர்களும் உண்டு. சுர்த்தை 'தீ அரக்கன்' என்று அழைப்பதும் பின்னால் வந்த பழக்கம். பாட்டில் அவன் தெற்கிலிருந்து தீயோடு வருகிறான், ஃப்ரேயர் என்ற தெய்வத்தோடு மோதுகிறான், அவ்வளவுதான்.

மூஸ்பெல் அழிக்க மட்டும் வருவது என்று எழுதுவதும் அரைகுறை. ஸ்னோரியின் கதையில் ஓடினும் சகோதரர்களும் யிமிரைக் கொன்று அவன் மண்டையோட்டை வானமாக்கிய பிறகு, மூஸ்பெல்லிலிருந்து பறந்துவந்து அலைந்துகொண்டிருந்த தீப்பொறிகளை எடுத்து அதில் பதிக்கிறார்கள். அவைதான் விண்மீன்கள். சூரியனும் அந்தப் பொறியிலிருந்து உண்டானதுதான். வானுக்குப் போகும் வானவில் பாலமான பிஃப்ரோஸ்டில் தெரியும் சிவப்பும் எரியும் நெருப்புதான், பனி ராட்சதர்கள் ஏறிவராமல் தடுக்க. பிறகு அதே பாலம் மூஸ்பெல்லின் புதல்வர்கள் குதிரையில் ஏறும்போது உடைகிறது.

இதோடு சேர்ந்த இன்னொரு தவறு, உலக முடிவான ரக்னரோக்கைப் பனிக்கும் தீக்கும் நடக்கும் போராகச் சித்தரிப்பது. இரண்டும் அங்கே ஒரே பக்கம்! நடுவில் கோடையே இல்லாத மூன்று குளிர்காலங்கள் முதலில் வருகின்றன, அப்புறம் ஹ்ரிம் தலைமையில் பனி ராட்சதர்கள், தந்திரக்காரன் லோக்கியோடு ஹெல்லின் ஆட்கள், தனி அணியாக மூஸ்பெல்லின் புதல்வர்கள், எல்லாரும் தெய்வங்களுக்கு எதிராக ஒரே களத்தில் வந்து நிற்கிறார்கள்.

லோக்கி என்று எழுதியதற்குக் காரணம் உண்டு. தமிழில் பெரும்பாலும் 'லோகி' என்று எழுதுகிறோம், ஆனால் அப்படி எழுதினால் லோகி என்ற இன்னொருவனோடு கலந்துவிடும். அந்த லோகிதான் நெருப்பு. தோர் என்ற தெய்வம் ராட்சதர்களின் கோட்டைக்குப் போகும் கதையில் லோக்கிக்கும் லோகிக்கும் சாப்பாட்டுப் போட்டி நடக்கிறது, லோக்கி இறைச்சியை மட்டும் தின்கிறான், லோகி எலும்பையும் தொட்டியையும் சேர்த்தே தின்று ஜெயிக்கிறான், பிறகுதான் அவன் காட்டுத்தீ என்று தெரியவருகிறது. லோக்கி நெருப்புத் தெய்வமாக இருந்தால் இந்தக் கதைக்கே அர்த்தமில்லை. இருவரையும் ஒன்றாக்கிப் பிரபலப்படுத்தியதில் ஜெர்மன் இசையமைப்பாளர் வாக்னரின் இசை நாடகத்துக்குப் பெரிய பங்கு உண்டு, 1869-ல் மேடையேறிய அதில் அந்தப் பாத்திரம் நெருப்பின் தேவன்.

ஒன்பது உலகங்களின் பட்டியலை விரைவாகவே முடித்துவிடலாம். 'ஒன்பது உலகங்கள்' என்று பாட்டுகளும் ஸ்னோரியும் சொல்வது உண்மை. எவை அந்த ஒன்பது என்று ஒரு பழைய நூலும் பட்டியல் தரவில்லை. நிஃப்ல்ஹைமையும் ஹெல்லையும் தனித்தனியாக எண்ணுவதா, ஒன்றாக எண்ணுவதா என்பதே தெளிவில்லை, ஏனென்றால் ஹெல்லை ஆளும் அதே பெயருள்ள பெண்ணை ஓடின் நிஃப்ல்ஹைமுக்குள்தான் எறிந்தான் என்கிறார் ஸ்னோரி. அதேபோல் நிஃப்ல்ஹைம் படைப்புக்கு முன் வடக்கே கிடக்கிறது, பிறகு யக்ட்ராசில் என்ற உலக மரத்தின் ஒரு வேருக்கு அடியில் இருக்கிறது, அங்கே நீத்ஹோக் என்ற நாகம் அந்த வேரைக் கடிக்கிறது. மாடி மாடியாக அடுக்கிய வண்ணப் படங்கள் எல்லாம் நவீன கால ஊகங்கள். சூப்பர் ஹீரோ படங்கள் காட்டும் உறைந்த யோடுன்ஹைமும், அதாவது ராட்சதர்களான யோடுன்களின் நாடும், அப்படித்தான். பாட்டுகளில் யோடுன்கள் காட்டிலும் மலையிலும் வாழ்கிறார்கள், மீன் பிடிக்கிறார்கள், மாடு மேய்க்கிறார்கள், அழகான பெண்களைப் பெற்றவர்களும் அவர்களில் உண்டு.

கடைசியாக, ஐஸ்லாந்து. பனிமலையும் எரிமலையும் ஒரே இடத்தில் இருக்கும் நாடு, அதனால்தான் இந்தக் கதை பிறந்தது என்று உறுதியாக எழுதிவிடுகிறார்கள். ஐஸ்லாந்தில் மக்கள் குடியேறியது 870 வாக்கில்தான், யிமிர் போன்ற கதைகளின் வேர் அதைவிடப் பழையதாக இருக்க வாய்ப்பு உண்டு. 'வோலுஸ்பா'வில் சூரியன் கருப்பது, தீ வானை எட்டுவது ஆகியவற்றை 939 வாக்கில் நடந்த எல்ட்க்யாவ் எரிமலை வெடிப்போடு இணைக்கும் ஆய்வு இருக்கிறது, அது நல்ல ஊகம், ஊகமாகவே சொல்ல வேண்டும். 1963 நவம்பரில் கடலுக்கடியில் வெடித்து எழுந்த தீவுக்குச் சுர்த்சே என்று பெயர் வைத்தது நம் காலத்து மக்கள், அதைப் பழைய நம்பிக்கைக்குச் சான்றாகக் காட்ட முடியாது. காட்டக்கூடிய சான்று வேண்டுமென்றால் மேற்கு ஐஸ்லாந்தில் சுர்த்ஷெல்லிர் என்ற எரிமலைக் குகை இருக்கிறது. குடியேற்ற வரலாற்று நூலில் தோர்வல்த் என்ற ஒருவர் சுர்த்தின் குகைக்குப் போய், அங்கே வசித்த ராட்சதனைப் பற்றித் தான் இயற்றிய பாட்டைப் பாடினார் என்று ஒரு குறிப்பு உண்டு. இடைக்கால ஐஸ்லாந்தில் சுர்த்தை எரிமலைப் பாறையோடு சேர்த்துப் பார்த்தார்கள் என்று இதை வைத்துச் சொல்லலாம். மூஸ்பெல்லை அப்படிப் பார்த்தார்கள் என்று சொல்ல முடியாது, அந்தப் பெயர் இந்தக் குறிப்பில் வரவில்லை.